வளைவுக்கு வடக்கே

அத்தியாயம் 14

2025 ஜூன் 13, வெள்ளிக்கிழமை, காலை 6.10. புதுச்சேரி மாநிலத்துக் காரைக்கால் மாவட்டத்தின் வடக்கு ஓரத்தில், பூவத்தின் கடைசித் தெருவில் உள்ள தகரக் கொட்டகை முன்பு, துப்புரவுப் பணியாளர்கள் பதினொரு பேர் வருகையைப் பதியத் தங்கள் கைபேசிகளுக்கு முகத்தைக் காட்டினார்கள். பதினொரு திரைகளிலும் ஒரே வரி வந்தது: ‘நீங்கள் பணி எல்லைக்கு வெளியே இருக்கிறீர்கள்.’

ஒன்பது வருடங்களாக அவர்கள் தள்ளுவண்டி எடுக்கும் கொட்டகை அது.

பன்னிரண்டாவதாக ஒரு கைபேசி அங்கே இருந்தது. இளவேனிலுடையது. அதில் அவள் அதே செயலியைத் திறந்து, பதினொரு பேரில் ஒருத்தியான சொர்ணாம்பாளின் எண்ணைப் போட்டாள். ரகசிய எண் சொர்ணாம்பாளின் கைபேசிக்கு வந்து விழுந்தது.

“நாலு... ஏழு... ஏழு... ரெண்டு” என்று படித்துச் சொன்ன சொர்ணாம்பாள், முந்தானையால் நெற்றியைத் துடைத்துக்கொண்டு திரைக்கு முன்னால் வந்து நின்றாள். “இது புது ஃபோனா?”

“போன மாசம் வாங்குனதுக்கா.”

“அப்ப என் மூஞ்சி கொஞ்சம் வெளுப்பா விழும்.”

விழுந்தது. ஆனால் திரை பச்சையாக மாறவில்லை. அதே வரிதான் வந்தது.

“ஒன் ஃபோனும் கெழட்டு ஃபோனா, ரேடியோம்மா?”

பின்னால் நின்ற பெண்கள் சிரித்தார்கள். கேட்ட சொர்ணாம்பாள் சிரிக்கவில்லை. இளவேனில் திரையைப் படம் பிடித்துக்கொண்டாள். அவள் காது மடல் சூடாகியிருந்தது.

அவள் ரேடியோக்காரி இல்லை. சென்னையில் ஓர் ஆங்கில நாளிதழில் ஏழு வருடம் தொழில்நுட்பப் பக்கம் பார்த்தவள். புதுக் கைபேசி வெளியீட்டு விழாக்களில் போண்டா சாப்பிட்டு அலுத்துப்போய், ஐந்து வருடம் முன்பு காரைக்காலுக்குத் திரும்பினாள். அம்மா வீட்டின் பின்னறையில் ஒரு மைக்கை நிறுத்தி, ‘சிக்னல் இருக்கா?’ என்று ஒரு பாட்காஸ்ட் ஆரம்பித்தாள். விளம்பரம் வாங்குவதில்லை. கேட்கிறவர்கள் கொடுப்பதில் நடக்கிறது. துபாயில் டாக்சி ஓட்டுகிறவர்களும், திருவாரூரில் இ-சேவை மையம் வைத்திருக்கிறவர்களும் கேட்கிறார்கள். இன்று வரவேண்டியது இருநூற்று முப்பத்தாறாவது பகுதி.

ஒவ்வொரு பகுதியும் ஒரே மாதிரிதான் தொடங்கும். வணக்கத்துக்கும் முன்னால், ‘போன வாரத் தப்பு’. போன பகுதியில் எது தவறு, யாரால் வந்தது என்று பெயர் சொல்லிப் படிப்பாள். பெரும்பாலும் அவள் பெயர்தான் வரும். ஒருமுறை, வாட்ஸப்பில் வந்ததாக அம்மா சொன்னதை நம்பி ஏமாந்தபோது, ‘என் அம்மா திரிபுரசுந்தரி’ என்று முழுப்பெயரோடு படித்துவிட்டாள். அம்மா இரண்டு நாள் பேசவில்லை. மூன்றாம் நாள் பேசியது, “எனக்கு மட்டும் ஏண்டி வயசைச் சொல்லாம விட்டே?” என்பதுதான்.

போன வாரத்துத் தப்பு அப்படிச் சிரித்துவிட்டுப் போகக்கூடியதாக இல்லை.

பூவத்துப் பணியாளர்களை ‘ஆஜர்’ என்ற வருகைச் செயலி ஏப்ரலிலிருந்து ‘வரவில்லை’ என்று பதிந்துகொண்டிருந்தது. ஏன் என்று போன வாரப் பகுதியில் இளவேனில் விளக்கினாள். பழைய கைபேசிகள், இடம் சரியாகக் காட்டுவதில்லை என்றாள். சொன்னது தப்பு என்பதை நேற்றுச் சாயங்காலம் சொர்ணாம்பாள் கொண்டுவந்து கொடுத்த காகிதத்தில் பார்த்தாள். துப்புரவு ஒப்பந்தம் எடுத்த கம்பெனியின் நோட்டீஸ் அது. தகுந்த கைபேசி வைத்துக்கொள்ளாத பதினொரு பேரின் பெயர்களும் வெள்ளிக்கிழமை மாலை ஐந்து மணிக்குப் பதிவேட்டிலிருந்து நீக்கப்படும். காரணம் என்ற இடத்தில் அவள் பேசிய வாக்கியம் அப்படியே அச்சாகியிருந்தது, ‘சுதந்திரத் தொழில்நுட்பச் செய்தியாளரும் உறுதி செய்துள்ளபடி’ என்ற முன்னொட்டோடு.

அந்த விளக்கத்தை அவளுக்குக் கொடுத்தவர் ஒருவர். காரைக்காலில் அந்தக் கம்பெனியின் களப் பொறுப்பாளர். கேட்டாள், அவர் சொன்னார், அவள் நம்பினாள். ஸ்கூட்டரில் இருபது நிமிடத்தில் வரக்கூடிய பூவத்துக்கு அவள் வரவில்லை.

அந்தப் பொறுப்பாளர் தன் அண்ணன் என்பதை அவள் கேட்பவர்களுக்குச் சொல்லவும் இல்லை.

ஏழு மணிக்கு அண்ணனின் பைக் வந்து நின்றது.

சிவநாதன் கழுத்தில் நீலப் பட்டையில் அடையாள அட்டை ஆடியது. தங்கையைப் பார்த்ததும் ஹெல்மெட்டைக் கழற்றாமலே கேட்டான்.

“நீ இங்க என்ன பண்றே வேனி?”

“போன வாரமே வந்திருக்கணும்ணே. இப்ப வந்திருக்கேன்.”

அவன் பார்வை அவள் கையிலிருந்த கைபேசிக்குப் போனது. “இது யாரு லாகின்?”

“என்னுதுதான் சார்” என்றாள் சொர்ணாம்பாள்.

“அடுத்தவங்க ஃபோன்ல போடக் கூடாதுக்கா. சிஸ்டம் பாத்துக்கிட்டே இருக்கும்.”

“பாத்துக்கிட்டே இருக்குற சிஸ்டத்துக்கு நான் நிக்கிறது மட்டும் தெரியலையாக்கும்.”

இளவேனில் செயலியில் வரைபடத்தைத் திறந்து அவன் பக்கம் திருப்பினாள். பணி எல்லை ஒரு நீலக் கோடு. தெற்கிலிருந்து வந்து, பூவத்து வரவேற்பு வளைவின் மேலேயே ஏறிப் போயிற்று. அவர்கள் நின்ற கொட்டகை கோட்டுக்கு வடக்கே இருந்தது.

“இவங்க வளைவுக்கு இந்தப் பக்கம் நின்னு காட்டுனா ‘எல்லைக்கு வெளியே’ங்குது. அந்தப் பக்கம் போய்க் காட்டுனா ‘ஒங்களுக்குக் குடுத்த தெருவுல இல்ல’ங்குது. எங்கதான் நிப்பாங்க? இந்தக் கோட்டை யாரு போட்டது?”

“நான்தான்.” அவன் குரலில் கொஞ்சம் பெருமைகூட இருந்தது. “ஹெட் ஆபீஸ்லேருந்து வந்தப்ப தப்பா இருந்துச்சு. நானூறு மீட்டர் வடக்கால கொண்டுபோய் வச்சிருந்தானுங்க, வளைவு எங்க இருக்குன்னே தெரியாத பயலுவ. ஏப்ரல் மூணாந் தேதி நான்தான் ஒக்காந்து சரி பண்ணேன்.”

“ஏப்ரல் மூணா?”

அவள் கேட்ட விதத்தில் அவன் ஹெல்மெட்டைக் கழற்றினான். பதினொரு பேரின் முதல் ‘வரவில்லை’ ஏப்ரல் நான்காம் தேதி.

“சார், கொஞ்சம் வாங்க” என்று சொர்ணாம்பாள் முன்னால் நடந்தாள். மூன்று வீடு தள்ளி அவள் வீடு. வாசல் சுவரில் மின்சார மீட்டர். “குனிஞ்சு பாருங்க. என்ன எழுதிருக்கு?”

சிவநாதன் குனிந்தான். புதுச்சேரி மின்துறை என்று எழுதியிருந்தது.

“ரேஷன் கார்டையும் எடுத்தாரவா? போன எலெக்‌ஷன்ல எங்க ஓட்டு எந்தப் பொட்டியில விழுந்துச்சுன்னு நெனச்சீங்க? எல்லை அதோ, அந்த வாய்க்கால்ல இருக்கு சார். வளைவுல இல்ல.”

வளைவைக் கட்டியவர்கள், தூண் நிறுத்த இடம் கிடைத்த இடத்தில் கட்டினார்கள். அவ்வளவுதான் அதன் கதை. ஆனால் தமிழ்நாட்டு வண்டிகள் பெட்ரோல் போட நிற்பதும், பிராந்திக் கடைகள் வரிசையாக ஆரம்பிப்பதும் அந்த வளைவிலிருந்துதான். பேருந்து அதைத் தாண்டும்போதுதான் காரைக்கால்காரர்கள் ‘ஊர் வந்துடுச்சு’ என்று பையை மடியில் எடுத்து வைப்பார்கள். அண்ணனும் தங்கையும் அப்படிப் பையை எடுத்து வைத்து வளர்ந்தவர்கள்தான். போன வாரம் இதே வரைபடத்தை அவளும் பார்த்தாள். கோடு வளைவில் இருந்ததால் சரியாக இருக்கிறது என்று அடுத்த வேலைக்குப் போனாள். எங்கோ புனேயில், தலைமை அலுவலகத்தில் உட்கார்ந்து அரசாங்க வரைபடத்தைப் பார்த்துக் கோடு போட்ட யாரோ ஒருவனுக்கு எல்லை சரியாகத் தெரிந்திருந்தது. ஊர்க்காரர்கள் இரண்டு பேருக்குத் தெரியவில்லை.

சிவநாதன் மீட்டர் முன்னாலிருந்து நிமிர வெகுநேரம் ஆயிற்று.

“இதை இங்கயே விட்டுடு வேனி. நான் பேசிக்கிறேன்.”

“அஞ்சு மணிக்குள்ளயா?”

“பேசிக்கிறேன்னு சொல்றேன்ல?”

“பேசுண்ணே. நானும் பேசப்போறேன். எப்பவும் ஆறு மணிக்கு வரும். இன்னிக்கு மூணரைக்கே போடறேன்.”

“என்னன்னு?”

“போன வாரத் தப்புன்னு.”

அவன் சுற்றிலும் பார்த்தான். பதினொரு பேரும் வண்டிகளைத் தள்ளிக்கொண்டு போகாமல் நின்றார்கள். குரலைத் தாழ்த்திக்கொண்டான்.

“வர்ற புதன்கிழமை ஒங்க அண்ணிக்கு வளைகாப்பு. ஞாபகம் இருக்கா?”

“இருக்கு.”

“அதுக்கு முன்னாடி என்னை வீட்டுல ஒக்கார வச்சுடாதே.”

அவள் பதில் சொல்வதற்குள் பைக் கிளம்பிவிட்டது.

“ரேடியோம்மா” என்றாள் சொர்ணாம்பாள். “அண்ணனா அது?”

“ஆமாக்கா.”

“மூக்கு ஒரே மாதிரி இருக்கேன்னு பாத்தேன்.” வண்டியின் கைப்பிடியைப் பிடித்தாள். “எங்கிட்ட ரெக்கார்டு பண்ணணும்னியே, பண்ணு. என் பேரைப் போட்டே பண்ணு. ‘ஒரு பணியாளர்’னு சொன்னீன்னா எனக்குக் கெட்ட கோவம் வரும்.”

*

பதினொன்றேகாலுக்கு, வீட்டுக்கு வந்து தலையை உலர்த்திக்கொண்டிருந்தபோது, சென்னை எண்ணிலிருந்து அழைப்பு வந்தது. கம்பெனியின் வட்டார மேலாளர் ஹரிஹரன்.

“மேடம், எங்க ஆபீஸ்ல நாலு பேர் உங்க ரசிகர்கள்.”

“நன்றி சார். இந்தப் பேச்சு பதிவாகுது. முதல்லயே சொல்லிடறேன்.”

ஹரிஹரனின் குரல் இன்னும் மரியாதையானது.

“தாராளமா. ஒண்ணும் ரகசியம் இல்ல. சிவநாதன் பேசினார். சின்ன டெக்னிக்கல் விஷயம். சாயங்காலத்துக்குள்ள கோட்டை மாத்திடறோம். அந்தப் பதினோரு பேரும் திங்கக்கிழமையே புதுசா சேந்துக்கலாம்.”

“புதுசாவா?”

“சிஸ்டத்துல அப்படித்தான் மேடம் வரும்.”

“சொர்ணாம்பாள் ஒன்பது வருஷமா அங்க வேலை பாக்கறாங்க. புதுசா சேந்தா அந்த ஒன்பது வருஷம் எங்க போகும்?”

“அது வேற துறை. நான் சொல்ல முடியாது.”

“ஏப்ரல்லேருந்து அவங்க வந்த நாளெல்லாம் வராத நாள்னு இருக்கே, அது?”

“பழைய பதிவைத் தொட முடியாது மேடம்.”

“கோட்டைத் தொட முடிஞ்சுதே.”

ஹரிஹரன் மெல்லச் சிரித்தார். “நீங்க பேச்சுல கெட்டிக்காரங்க, தெரியும். நான் ஒண்ணே ஒண்ணு சொல்றேன். உங்க அண்ணன் நல்ல மனுஷன். புதன்கிழமை ஏதோ விசேஷம்னு லீவு எழுதிக் குடுத்திருக்கார். அவர் பேரு இதுல அடிபடணுமா?”

இளவேனில் ஈரத்துண்டை நாற்காலியில் போட்டாள்.

“சார், அவர் பேரை நான் சொல்றதா இருந்தா என் பேருக்கு அடுத்ததாத்தான் சொல்வேன். நோட்டீஸை வாபஸ் வாங்கி, பதிவைத் திருத்தி, தப்பு எங்களோடதுன்னு எழுதிக் குடுங்க. மூணு மணிக்குள்ள வந்தா அதையும் சேத்துப் படிக்கிறேன்.”

“எழுத்துலயா? அதெல்லாம் உடனே முடியாது மேடம்.”

“நோட்டீஸ் உடனே முடிஞ்சுதே சார்” என்று சொல்லி வைத்தாள்.

பிறகு மடிக்கணினியைத் திறந்து ஒரு மின்னஞ்சல் எழுதினாள். ‘வணக்கம் திரு. சிவநாதன். கீழ்க்காணும் மூன்று கேள்விகளுக்குப் பிற்பகல் மூன்று மணிக்குள் உங்கள் பதிலை எதிர்பார்க்கிறேன்.’ கோட்டை மாற்றியது யார்? கைபேசிகள் பழையவை என்று சொன்னது எதை வைத்து? பூவத்திலிருந்து புகார் ஏதும் வந்ததா, வந்திருந்தால் என்ன ஆயிற்று?

நான்கு நிமிடத்தில் போன் அடித்தது.

“என்னடி இது, திரு. சிவநாதன்?”

“எல்லாருக்கும் அனுப்பற மாதிரிதான் அனுப்பிருக்கேன்ணே.”

“போன வாரம் ராத்திரிச் சாப்பாட்டு நேரத்துல ‘அண்ணே, அது என்ன மேட்டரு’ன்னு கேட்டியே, அப்ப இந்த மரியாதை எங்க போச்சு?”

“அதான் தப்பு. அதைத்தான் இன்னிக்குப் படிக்கப்போறேன்.”

“அப்ப உன் தப்புன்னு மட்டும் படி!”

“பதினோரு பேரு ஏன் வரலன்னு காட்டுச்சுன்னு கேப்பாங்களே, என்ன சொல்லட்டும்? கோடு தானா நகந்துச்சுன்னா?”

அவன் வைத்துவிட்டான்.

*

திரிபுரசுந்தரி முப்பது வருடம் பத்திரப் பதிவு அலுவலகத்தில் எழுத்தராக இருந்து ஓய்வு பெற்றவர். ஒன்றரை மணிக்குச் சாப்பாட்டுத் தட்டை மகள் முன்னால் வைத்தபோதே அவருக்கு எல்லாம் தெரிந்திருந்தது. மகன் போனில் சொல்லியிருந்தான்.

“சாப்புடு.”

“நீ சாப்புட்டியாம்மா?”

“எனக்குப் பசிக்கல.” எதிரே உட்கார்ந்தார். “கோடு தப்பு, சரி. அதைச் சொல்லு. ஒரு அதிகாரி பண்ணாருன்னு சொல்லு. ஆபீஸ் காயிதத்துல நாங்க அப்படித்தான் எழுதுவோம்.”

“அதனாலதாம்மா ஒங்க ஆபீஸ்ல யாரு பண்ணாங்கன்னு கடைசி வரைக்கும் தெரியாது.”

“வாயி!” அம்மா ரசத்தை ஊற்றினார். “நிறைமாசம் ஆகப்போற பொண்ணு அவ. சம்பந்தி வீட்டுல சிதம்பரத்துலேருந்து நாப்பது பேரு வராங்க. மாப்பிள்ளை என்ன வேலை பாக்கறாருன்னு கேட்டா நான் என்னடி சொல்வேன்?”

“உண்மையைச் சொல்லுறவருன்னு சொல்லு.”

“அவன் எங்க சொன்னான்? நீதான் சொல்றே, அவனைப் பத்தி.”

அந்த வாக்கியம் சரியான இடத்தில் விழுந்தது. இளவேனில் சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தாள்.

“போன வாரம் அவங்களைப் பத்தி நான் சொன்னேனேம்மா. அவங்களையும் நான் கேக்கல. ஒரு வார்த்தை கேக்காம ஒங்க ஃபோன் மட்டம்னு ஊருக்கெல்லாம் சொன்னேன். அதை நோட்டீஸா அடிச்சு அவங்க கையிலயே குடுத்துட்டாங்க. அப்ப எனக்கு அவங்களைச் சொல்றது சுலபமா இருந்துச்சு. அண்ணன் பேருன்னதும் கஷ்டமா இருந்தா, நான் இத்தனை வருஷம் படிச்சதெல்லாம் வேஷம்தானே?”

அம்மா ரசப் பாத்திரத்தை எடுத்துக்கொண்டு எழுந்து போனார்.

வெள்ளிக்கிழமை இரண்டு மணியிலிருந்து நான்கு மணி வரை அந்த வீட்டில் ஒரு சட்டம் உண்டு. மோட்டார் போடக் கூடாது, மிக்ஸி ஓடக் கூடாது, அழைப்பு மணியின் சுவிட்ச் அணைந்திருக்க வேண்டும். பக்கத்து வீட்டு நௌஷின்கூட அந்த நேரத்தில் மதிலுக்கு மேலே கையை ஆட்டித்தான் பேசுவாள். இத்தனைக்கும் அந்தச் சட்டத்தைப் போட்டவர் அம்மாதான்.

இரண்டு இருபதுக்கு, பின்னறையில் பழைய மெத்தைகள் சாத்திய சுவர்களுக்கு நடுவே உட்கார்ந்து இளவேனில் மைக்கைத் திறந்தபோது, சுவருக்கு அந்தப் பக்கம் கிரைண்டர் ஓட ஆரம்பித்தது.

எழுந்து போய்ப் பார்த்தாள். அம்மா முக்காலியில் உட்கார்ந்து உளுந்தைத் தள்ளிவிட்டுக்கொண்டிருந்தார்.

“அம்மா.”

“மாவு இல்ல.”

“நேத்துதானே ஆட்டுன?”

“அது தீந்துடுச்சு.”

குளிர்சாதனப் பெட்டியில் இரண்டு பாத்திரம் நிறைய மாவு இருந்தது இருவருக்கும் தெரியும். இளவேனில் மெயின் சுவிட்ச் இருந்த பக்கம் பார்த்தாள். அம்மாவும் அவள் பார்ப்பதைப் பார்த்தார்.

“போய் அணைச்சுக்கோயேன். இது என் வீட்டுக் கரண்ட்டுதான், இருந்தாலும் அணைச்சுக்கோ.”

இளவேனில் அணைக்கவில்லை. திரும்பி வந்து கதவைச் சாத்தினாள். கிரைண்டரின் சத்தம் மெத்தைகளைத் தாண்டி, அடிவயிற்றில் உறுமுவதுபோல வந்துகொண்டிருந்தது. வேறு இடம் தேட நேரம் இல்லை. பதிவுப் பொத்தானை அழுத்தினாள்.

“போன வாரத் தப்பு. அதுக்கு முன்னாடி ஒரு விஷயம். பின்னாடி உங்களுக்கு ஒரு சத்தம் கேக்கும். அது எங்க அம்மாவோட கிரைண்டர். இந்தப் பகுதி வெளியில வர்றது அவங்களுக்குப் பிடிக்கல. அந்தச் சத்தத்தை நான் நீக்கப்போறதில்ல. அவங்க மறுப்பும் இதுல பதிவாகட்டும்.

“போன வாரம், பூவத்துல பதினோரு பேரோட வருகை பதிவாகாததுக்கு அவங்களோட பழைய கைபேசிதான் காரணம்னு சொன்னேன். அது தப்பு. நான் பூவத்துக்குப் போகல. அவங்கள்ல ஒருத்தரைக்கூடக் கேக்கல. தப்பு பண்ணது இளவேனில். எனக்கு அந்தத் தகவலைச் சொன்னவர் கம்பெனியோட களப் பொறுப்பாளர் சிவநாதன். அவர் என்னோட சொந்த அண்ணன். அதை உங்ககிட்ட மறைச்சேன். இது ரெண்டாவது தப்பு. முதல் தப்பைவிடப் பெருசு.”

தண்ணீர் குடித்தாள். குடித்த சத்தமும் பதிவாயிற்று.

வளைவைப் பற்றிச் சொன்னாள். வாய்க்காலைப் பற்றிச் சொன்னாள். மீட்டரில் இருந்த எழுத்தைப் படித்தாள். தன் புதுக் கைபேசியிலும் அதே வரி வந்ததைச் சொல்லி, சொர்ணாம்பாளின் குரலை ஓடவிட்டாள். ‘நான் இங்கதாங்க நிக்கிறேன். ஒன்பது வருஷமா நிக்கிறேன். கண்ணு இருக்கிறவங்களுக்குத் தெரியும்.’

இரண்டு ஐம்பத்திரண்டுக்கு மடிக்கணினியில் ஒரு மின்னஞ்சல் வந்தது. நிறுத்தாமல், மைக்கின் முன்னாலேயே திறந்தாள்.

“இப்பத்தான் களப் பொறுப்பாளர்கிட்டேருந்து பதில் வந்திருக்கு. அப்படியே படிக்கிறேன்.

“‘வணக்கம். ஒன்று: ஏப்ரல் 3 அன்று கோட்டை மாற்றியவன் நான். ஊர்க்காரன் என்ற நினைப்பில் மாற்றினேன். போய்ப் பார்க்கவில்லை. இரண்டு: கைபேசி பழசு என்று சொன்னதும் நான்தான். அப்படித்தான் நம்பினேன். மூன்று: பூவத்திலிருந்து மூன்று புகார்கள் வந்தன. மூன்றையும் மேலே அனுப்பினேன். மூன்றும் முடிக்கப்பட்டது என்ற குறிப்போடு திரும்பி வந்தன. முடித்தது யார் என்று எனக்குத் தெரியாது. என் பெயரைப் பயன்படுத்தலாம். இப்படிக்கு, தி. சிவநாதன்.’”

சுவருக்கு அந்தப் பக்கம் கிரைண்டர் நின்றது.

திடீரென்று வந்த நிசப்தத்தில் இளவேனிலுக்குத் தன் மூச்சே பெரிதாகக் கேட்டது. மீதிப் பன்னிரண்டு நிமிடத்தையும் அந்த நிசப்தத்திலேயே பேசி முடித்தாள். மூன்று புகார்களையும் முடித்தது யார் என்ற கேள்வியை ஹரிஹரனின் பெயரைச் சொல்லி அவரிடம் கேட்டாள். இந்தப் பகுதியை நிறுத்தச் சொல்லி யார் கூப்பிட்டாலும் அந்தப் பேச்சும் அடுத்த வாரம் ஒலிக்கும் என்றாள்.

கதவைத் திறந்தபோது அம்மா வாசலில் நின்றார். கையெல்லாம் உளுந்து மாவு.

“மாவு ஆயிடுச்சு” என்றார். பிறகு, “இப்படிக்குன்னு போட்டு அவன் அப்பா மாதிரியே எழுதிருக்கான்” என்றார். முகத்தில் எதுவும் தெரியவில்லை. கை கழுவப் போய்விட்டார்.

பகுதி 236 மூன்று முப்பத்தொன்றுக்கு வெளியானது. நீளம் முப்பத்தெட்டு நிமிடம். நான்கு மணிக்குள் திருநள்ளாறு, நிரவி, நாகூர் வாட்ஸப் குழுக்களில் சுற்றியது. நான்கரைக்கு, பூவத்துக்காரர்கள் அறுபது பேர் மீட்டர் ரசீதும் கையுமாகக் கம்பெனி அலுவலக வாசலில் வந்து உட்கார்ந்தார்கள். யாரும் கூப்பிடவில்லை. முன்வரிசையில் சொர்ணாம்பாள், வேலைக்குக் கொடுத்த பச்சைச் சட்டையோடு. “உள்ள வாங்க, பேசலாம்” என்று அழைத்த காவலாளியிடம், “உள்ள வந்தா எல்லைக்கு வெளியேன்னு காட்டும் தம்பி, நாங்க இங்கயே இருக்கோம்” என்றாள்.

நான்கு ஐம்பதுக்கு, பெயர் நீக்கும் நோட்டீஸ் திரும்பப் பெறப்படுவதாகவும் ஏப்ரல் முதலான வருகைப் பதிவு திருத்தப்படும் என்றும் கதவில் ஒரு காகிதம் ஒட்டப்பட்டது. தப்பு யாருடையது என்று அதில் இல்லை.

ஐந்து இருபதுக்குச் சிவநாதனின் அடையாள அட்டையும் அலுவலக சிம்கார்டும் வாங்கி வைக்கப்பட்டன. அவன் வீட்டுக்கு வந்து, சட்டையை மாற்றிக்கொண்டு, சமையலறைக்குப் போனான். அம்மா தோசை ஊற்றினார். இளவேனில் இன்னொரு தட்டை எடுத்துக்கொண்டு எதிரே உட்கார்ந்தாள்.

“மூணு கேள்விதான் கேட்டே” என்றான் தோசையைப் பார்த்துக்கொண்டே. “நாலாவது ஒண்ணு கேட்டிருக்கணும்.”

“என்ன?”

“இன்னொருத்தர் லாகினை உன் ஃபோன்ல ஏன் போட்டே?”

அவள் விண்ட தோசையைத் தட்டில் வைத்தாள்.

சனிக்கிழமை காலை 6.10. நீலக் கோடு வாய்க்காலுக்குத் திரும்பியிருந்தது. தகரக் கொட்டகை முன்பு பதினொரு பேர் முகத்தைக் காட்டினார்கள். பத்துத் திரைகள் பச்சையாயின. சொர்ணாம்பாளின் திரையில் வேறு ஒரு வரி வந்தது: ‘வேறு கைபேசியில் நுழைந்ததால் இந்தக் கணக்கு முடக்கப்பட்டுள்ளது.’